காணோம் என்பதும் இல்லை என்பதும்



சென்ற கோடை விடுமுறையில் ஒரு நாள் மாலை, ஒன்பதாம் வகுப்பு முடித்திருந்த என் பேரன் முகம் வாடி என்னிடம் வந்து நின்றான். "தாத்தா, என் கேமைக் காணோம்" என்றான். பந்தோ மட்டையோ தொலைந்திருந்தால் தோட்டத்தில் தேடலாம். அவன் தொலைத்தது கணினி விளையாட்டு. பிறந்த நாளுக்குப் பெரியவர்கள் கொடுத்த பணத்தைச் சேர்த்து வைத்து, இணையத்தில் உள்ள ஒரு கடையில் வாங்கியது. முன் வாரம் வரையில் அவனுடைய பட்டியலில் இருந்ததாம், இப்போது இல்லையாம். கடைக்காரர்களுக்கு ஒரு கடிதமும் எழுதி வைத்திருந்தான். அதன் முதல் வரியிலேயே 'திருட்டு' என்னும் சொல் இரண்டு முறை வந்திருந்தது. அதைப் பிழை திருத்திக் கொடுக்க வேண்டும் என்பதே அவன் வேண்டுகோள்.

கணினி விளையாட்டைப் பற்றி எனக்கு அன்று ஒன்றும் தெரியாது. ஆயினும் அவன் காட்டிய திரையின் மேற்புறத்தில் ஆங்கிலத்தில் 'லைப்ரரி' என்று எழுதியிருந்தது. வாங்கிய விளையாட்டுகளின் பட்டியலுக்கு அக்கடைகள் இட்டிருக்கும் பெயர் அது. அந்தச் சொல்லைக் கண்டதும் எனக்குத் துணிவு வந்துவிட்டது. ஏனெனில் நான் ஆண்டுதோறும் பள்ளி நூலகத்தின் இருப்பைச் சரிபார்த்துக் கையொப்பமிட்டவன். இருப்பு எடுக்கும்போது முதல் எண்ணிக்கையில் நாற்பது நூல்களைக் காணோம் என்று ஒரு பட்டியல் வரும். அந்த முதற்பட்டியலில் நான் ஒருபோதும் கையொப்பமிட்டதில்லை. மறுபடி தேடச் சொல்வேன். சில நூல்கள் வேறோர் அலமாரியில் தலைகீழாக நின்றுகொண்டிருக்கும். சில ஓர் ஆசிரியர் வீட்டில் இருக்கும். சில பைண்டரிடம் போயிருக்கும். சில முன் ஆண்டே செல்லரித்துக் கணக்கிலிருந்து நீக்கப்பட்டவை. நீக்கியதைப் பதிவேட்டில் குறிக்க மறந்திருப்போம். இவ்வளவும் கழிந்தால் மெய்யாகவே தொலைந்தவை இரண்டோ மூன்றோதான். காணோம் என்பது தேடுகிறவனைப் பற்றிய செய்தி. இல்லை என்பது பொருளைப் பற்றிய செய்தி. முன்னதிலிருந்து பின்னதற்கு ஒரே தாவலில் போய்விடக் கூடாது.

வீட்டில் உங்களோடு கேட்டுக்கொண்டிருக்கும் பெரியவர்களுக்காக ஒரு சொல். முன்பெல்லாம் கணினி விளையாட்டு குறுந்தட்டில் வந்தது. அட்டைப்பெட்டியோடு கையில் கிடைத்தது. வால்வ் என்னும் அமெரிக்க நிறுவனம் 2003 செப்டம்பரில் ஸ்டீம் என்பதைத் தொடங்கியது. தன் சொந்த விளையாட்டுகளை இணையத்தின் வழியே புதுப்பித்துக் கொடுப்பதற்காக ஏற்பட்டது அது. 2005 முதல் பிறர் விளையாட்டுகளையும் விற்கலாயிற்று. 2008-இல் போலந்து நாட்டில் ஜிஓஜி என்னும் கடை தோன்றியது. 2018 டிசம்பரில் எபிக் நிறுவனத்தார் தம் கடையைத் திறந்தார்கள். இக்கடைகளில் பணம் கொடுத்தால் கையில் ஒன்றும் வராது. உங்கள் பெயரில் உள்ள கணக்கில் ஒரு தலைப்பு சேரும். அதைக் கொண்டு விளையாட்டை உங்கள் கணினியில் இறக்கிக்கொள்ள வேண்டும். ஆகவே தலைப்பு கண்ணில் படாமற்போனால் கலக்கம் வருவது இயல்பே.

பேரனிடம் நான் முதலில் கேட்டது: "எந்தப் பெயரில் உள்ளே நுழைந்திருக்கிறாய்?" அவன் சிரித்தான். அவன் பெயரில்தான் என்றான். "ரசீதைக் கொண்டு வா" என்றேன். அப்போது அவன் என்னைப் பார்த்த பார்வை, பனை ஓலையில் எழுதச் சொன்னால் பார்ப்பது போல இருந்தது. ஆனால் ரசீது இருந்தது. அவன் தந்தையின் மின்னஞ்சலில் இருந்தது. அதில் கண்ட கணக்கின் பெயரும், திரையின் வலது மூலையில் தெரிந்த கணக்கின் பெயரும் வேறு வேறாக இருந்தன. இரண்டு ஆண்டுகளுக்கு முன் தந்தை ஒரு கணக்குத் தொடங்கியிருக்கிறார். ஏதோ ஓர் இலவச விளையாட்டுக்காகப் பையன் பிறகு தானே ஒரு கணக்குத் தொடங்கியிருக்கிறான். முன் வாரம் கணினி பழுதாகி, எல்லாவற்றையும் துடைத்துப் புதிதாக்கிக் கொண்டுவந்தார்கள். மறுபடி நுழைந்தபோது தன் கணக்கில் நுழைந்துவிட்டான். தந்தையின் கணக்கில் நுழைந்ததும் தலைப்பு இருந்த இடத்திலேயே இருந்தது. கடிதத்தை அவனே கிழித்துவிட்டான்.

இதைச் சிறுபிள்ளைத்தனம் என்று நினைக்க வேண்டா. ஒரே வீட்டில் இரண்டு கணக்கு, ஒரே ஆளுக்கு மூன்று மின்னஞ்சல் என்பது இன்று எங்கும் உள்ள நிலை. அன்றியும் ஒரு கடையில் வாங்கியதை வேறொரு கடையில் தேடுகிறவர்களும் உண்டு. ஆண்டுக்கணக்கில் இலவசமாகவும் தள்ளுபடியிலும் சேர்த்தால், எது எங்கே வாங்கியது என்பது யாருக்குத்தான் நினைவிருக்கும்?

கணக்கு சரியாகவே இருந்தும் தலைப்பு தெரியாதிருக்கலாம். ஸ்டீமின் லைப்ரரியை எடுத்துக்கொள்ளுங்கள். இடப்புறப் பட்டியலின் மேலே சிறு சிறு பொத்தான்கள் இருக்கின்றன. அவற்றுள் ஒன்றை அழுத்தினால், இப்போதே விளையாடுவதற்கு ஆயத்தமாக உள்ளவை மட்டும் நிற்கும். இறக்கிக்கொள்ளாதவை எல்லாம் மறையும். கை தவறி அதைத் தொட்டவன் நூறு தலைப்புகளை ஒரு நொடியில் 'இழந்து' தவிப்பான். இன்னும், ஒரு விளையாட்டை நாமே மறைத்து வைக்கவும் வழி உண்டு. மறைத்தவை எல்லாம் மேலே உள்ள 'வியூ' என்னும் பட்டியலில், மறைக்கப்பட்ட விளையாட்டுகள் என்ற தலைப்பின் கீழ்ப் பத்திரமாக இருக்கும். வீட்டில் தம்பி தங்கை இருந்தால் முதலில் அங்கே பாருங்கள்.

இதுவரை சொன்னது நம் லைப்ரரியைப் பற்றி. கடையின் அலமாரி வேறு. விற்பனைப் பக்கத்தில் ஒரு தலைப்பைத் தேடிக் காணாவிட்டால், அங்கும் நம் கைவேலை இருக்கலாம். இன்ன வகை விளையாட்டு வேண்டா, வன்முறை மிகுந்தவை வேண்டா என்று எப்போதோ நாம் குறித்து வைத்திருப்போம். கடை அதை நினைவில் வைத்திருக்கும், நாம் மறந்திருப்போம். தேடல் முடிவுகளின் மேலே, உங்கள் விருப்பப்படி இத்தனை தலைப்புகள் விலக்கப்பட்டன என்று சிறிய எழுத்தில் ஒரு வரி வரும். அந்தச் சிறிய எழுத்தை வாசிக்கிறவர் எத்தனை பேர்? வினாத்தாளின் தலைப்பில் உள்ள குறிப்பையே வாசிக்காதவர்கள் அல்லவா நீங்கள்! ஏற்கனவே வாங்கியவற்றைத் தேடலில் காட்டாதே என்று சொல்லும் ஒரு வடிகட்டியும் உண்டு. அதை இட்டுவிட்டு, வாங்கிய விளையாட்டையே கடையில் தேடி, எடுத்துவிட்டார்கள் என்று முடிவு கட்டினால் பிழை யாருடையது?

பெயர் மாறியதால் காணாமற்போவதும் உண்டு. கவுண்டர்-ஸ்ட்ரைக் குளோபல் அஃபென்சிவ் என்று பல ஆண்டுகள் வழங்கிய விளையாட்டின் இடத்தில், 2023 செப்டம்பரில் கவுண்டர்-ஸ்ட்ரைக் 2 வந்து அமர்ந்தது. பழைய பெயரைத் தேடியவர்கள் திகைத்தார்கள். கடையே மூடிப்போவதும் உண்டு. பெதஸ்டா என்னும் நிறுவனம் கணினிக்கென நடத்திவந்த தன் சொந்தக் கடைவாயிலை 2022 மே மாதம் மூடிவிட்டு, வாங்கியவர்கள் தம் தலைப்புகளை ஸ்டீமுக்கு மாற்றிக்கொள்ள வழி செய்தது. செய்தி தெரியாதவன் பூட்டிய கதவைத் தட்டிக்கொண்டிருப்பான்.

இரவல் நூலைச் சொந்த நூல் என்று எண்ணுவதும் ஒரு மயக்கம். மாதச் சந்தாவில் வரும் விளையாட்டுகள் சந்தா உள்ள வரையிலும், நிறுவனம் அவற்றைப் பட்டியலில் வைத்திருக்கும் வரையிலும்தான் நமக்கு. வார இறுதியில் மட்டும் இலவசம் என்று திறந்துவிடும் விளையாட்டு, திங்கட்கிழமை பூட்டிக்கொள்ளும். ஸ்டீமில் 2024 முதல் ஒரு குடும்பத்தில் ஆறு பேர் வரை சேர்ந்து விளையாட்டுகளைப் பகிர்ந்துகொள்ளலாம். அண்ணன் விலகினால் அண்ணனுடைய விளையாட்டுகளும் விலகும். பாதி விலைக்கு எங்கோ முகம் தெரியாதவனிடம் வாங்கிய சாவி எண், திருட்டு அட்டையில் வாங்கப்பட்டது என்று தெரிந்தால் அதைச் செல்லாததாக்கிவிடுவார்கள். அங்கே கடையை நோவதில் பயன் இல்லை.

நாடு, வயது என்னும் எல்லைகளும் உண்டு. வயதுத் தகுதிச் சான்று இல்லாத விளையாட்டுகள் 2024 நவம்பர் முதல் ஜெர்மனியில் உள்ள ஸ்டீம் வாடிக்கையாளருக்குக் காட்டப்படுவதில்லை. அதே ஆண்டு மே மாதத்தில் ஹெல்டைவர்ஸ் 2 என்னும் விளையாட்டு, 170-க்கும் மேற்பட்ட நாடுகளிலும் ஆட்சிப்பகுதிகளிலும் விற்பனையிலிருந்து விலக்கப்பட்டது. விளையாடுவோர் சோனி நிறுவனத்தின் கணக்கு ஒன்றும் வைத்திருக்க வேண்டும் என்று விதித்தார்கள். அந்தக் கணக்கோ அந்நாடுகளில் கிடைக்காது. ஒருவன் திரையில் இருக்கும் தலைப்பு மற்றொருவன் திரையில் இல்லாதிருப்பதற்கு இப்படியும் காரணம் உண்டு.

இனி, மெய்யாகவே அலமாரியிலிருந்து எடுக்கப்பட்டவற்றுக்கு வருகிறேன். நான் இதைப் பற்றித் தேடிப் படிக்கத் தொடங்கியது பேரனுக்காக. தொடர்ந்து படித்தது எனக்காக.

பின்லாந்து நாட்டின் ரெமெடி நிறுவனம் உருவாக்கிய ஆலன் வேக் என்னும் விளையாட்டு 2017 மே 15-ஆம் நாள் கடைகளிலிருந்து விலக்கப்பட்டது. அதில் குற்றமா, குறையா? ஒன்றும் இல்லை. அதில் ஒலிக்கும் பாடல்களைப் பயன்படுத்தப் பெற்ற உரிமத்தின் காலம் முடிந்துவிட்டது. விலக்கும் முன் விலையை நூற்றுக்குத் தொண்ணூறு குறைத்து விற்றார்கள். வேண்டுவோர் வாங்கிக்கொள்ளட்டும் என்பது எண்ணம். உரிமங்கள் புதுப்பிக்கப்பட்டு 2018 அக்டோபரில் அது மீண்டும் கடைக்கு வந்தது. கார்ப்பந்தய விளையாட்டுகளில் இது இன்னும் மிகுதி. மெய்யான கார்களின் பெயரையும் வடிவையும் காட்ட அவற்றைச் செய்யும் நிறுவனங்களின் இசைவு வேண்டும். அந்த இசைவுக்குக் காலவரை உண்டு. ஃபோர்சா ஹொரைசன் 3 என்பது 2020 செப்டம்பரிலும், ஃபோர்சா ஹொரைசன் 4 என்பது 2024 டிசம்பரிலும் விற்பனையிலிருந்து நீங்கின. இவற்றை முன்பே வாங்கியவர்களுக்கு நட்டம் இல்லை. அவர்கள் லைப்ரரியில் தலைப்பு நிற்கும், இறக்கி விளையாடலாம். ஆகவே கடையில் இல்லை என்பதைக் கண்டு, நம்மிடமும் இல்லை என்று அஞ்ச வேண்டா.

கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ நான்கின் வரலாறு சற்றுச் சிக்கலானது. (வயது வந்தோர்க்குரிய விளையாட்டு அது; செய்திக்காகச் சொல்கிறேன், விளையாடுவதற்காக அன்று.) 2018-இல் பாடல் உரிமம் முடிந்து, அதில் இருந்த பாடல்கள் பலவற்றை எடுத்துவிட்டார்கள். ஆகவே தலைப்பு இருந்தது. உள்ளே இருந்த பொருள் குறைந்தது. 2020 ஜனவரியில் தலைப்பே விற்பனையிலிருந்து நீங்கிற்று. மைக்ரோசாஃப்ட் நிறுவனம் நடத்திக் கைவிட்ட ஒரு சேவையை நம்பி அவ்விளையாட்டு கட்டப்பட்டிருந்தது. அதற்குரிய சாவி எண்களைப் புதிதாக உண்டாக்க இயலவில்லை. அவ்வாண்டு மார்ச்சில் முழுப் பதிப்பு என்ற பெயரில் அது திரும்பி வந்தது. பலர் கூடி ஆடும் பகுதி மட்டும் திரும்பவில்லை. ஒரு வீட்டின் தூண் பக்கத்து வீட்டுச் சுவரில் ஊன்றியிருந்தால் வேறென்ன நேரும்?

எல்லாவற்றிலும் என்னை வருத்தியது தி க்ரூ என்னும் பந்தய விளையாட்டு. பிரான்ஸ் நாட்டின் யூபிசாஃப்ட் நிறுவனம் 2014 டிசம்பரில் வெளியிட்டது. தனியாக ஆடினாலும் நிறுவனத்தின் சர்வரோடு தொடர்பு இருந்தாக வேண்டும் என்னும்படி அமைந்தது. 2023 டிசம்பரில் விற்பனையை நிறுத்தினார்கள். 2024 மார்ச் 31-இல் சர்வரை மூடினார்கள். ஏப்ரலில், பணம் கொடுத்து வாங்கியவர்களின் கணக்கிலிருந்து உரிமமே நீக்கப்பட்டது. கணக்கு சரி, ரசீது சரி, வடிகட்டி ஒன்றும் இல்லை. இங்கே காணோம் என்று சொல்வதற்கு இடம் இல்லை; இல்லை என்றே சொல்ல வேண்டும். விளையாட்டுகளை இவ்வாறு கொல்லாதீர் என்று அப்போது எழுந்த இயக்கம், ஐரோப்பியக் குடிமக்களின் விண்ணப்பமாக உருவெடுத்து, 2025 ஜூலையில் 10 லட்சம் கையொப்பங்களைக் கடந்தது.

நிறுவனத்தின் பக்கத்திலும் ஒரு நியாயம் உண்டு. சர்வர்களை என்றென்றும் நடத்துவதற்குச் செலவு யார் கொடுப்பது என்று அவர்கள் கேட்கக் கூடும். ஆனால் விற்ற நாளில், இது இத்தனை ஆண்டுதான் என்று தெளிவாகச் சொல்லியிருந்தால் இந்தக் கேள்வியைக் கேட்கும் தகுதி அவர்களுக்கு மிகுந்திருக்கும் என்பது என் எண்ணம். அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலம் இதற்கென ஒரு சட்டம் செய்தது; அது 2025 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது. பொருளை நிலையாகக் கொடுக்காமல் உரிமம் மட்டும் கொடுக்கிறவர்கள், அதைத் தெளிவாக அறிவிக்காமல் 'வாங்குக' என்னும் சொல்லைப் பயன்படுத்தக் கூடாது என்கிறது. சட்டம் நடைமுறைக்கு வருமுன்பே, 2024 அக்டோபரில், நீங்கள் பெறுவது உரிமம் என்னும் குறிப்பை ஸ்டீம் தன் பணம் செலுத்தும் பக்கத்தில் சேர்த்துக்கொண்டது. ஒரு வினைச்சொல்லுக்காகச் சட்டமன்றம் கூடியது கண்டு, இலக்கணம் கற்பித்தவனாகிய எனக்கு உள்ளூர மகிழ்ச்சிதான். ஜிஓஜி கடையில் விளையாட்டை நிறுவும் கோப்பையே இறக்கி, வெளி வட்டில் சேமித்து வைக்கலாம். தனியாக ஆடும் விளையாட்டைப் பிறகு கடையைக் கேட்காமலே நிறுவி ஆடலாம். எதை எங்கே வாங்குவது என்று எண்ணும்போது இவ்வேறுபாட்டையும் எண்ணிப் பாருங்கள்.

தேட வேண்டிய இடமெல்லாம் தேடியும் தலைப்பு கிடைக்கவில்லை என்றால், அப்போது கடைக்கு எழுதுங்கள். ரசீதின் எண், வாங்கிய நாள், கணக்கின் பெயர், கடைசியாக விளையாடிய நாள், எங்கெங்கே தேடினீர்கள் என்பது, திரையின் படம் ஆகிய இவை இருந்தால் கடிதம் பத்து வரிக்குமேல் போகாது. வசைச்சொல் ஒன்றும் வேண்டா. அதைப் படிக்கிறவர் உங்கள் விளையாட்டை எடுத்தவர் அல்லர். கடவுச்சொல்லை மட்டும் எழுதாதீர்கள். மெய்யான உதவிப்பிரிவு அதைக் கேட்பதில்லை. நானே மீட்டுத் தருகிறேன் என்று உரையாடலில் வந்து, கடவுச்சொல்லும் தொலைபேசிக்கு வந்த எண்ணும் கேட்கிறவன், ஒரு தலைப்பைத் தேடிக்கொண்டிருக்கும் உங்களிடமிருந்து எல்லாத் தலைப்புகளையும் கொண்டுபோக வந்தவன்.

என் பேரன் இப்போது ஒரு நீள நோட்டில் கோடு போட்டு இருப்புப் பதிவேடு வைத்திருக்கிறான். வரிசை எண், தலைப்பு, நாள், விலை, கடை, கணக்கின் பெயர், ரசீது எண். கடைசியில் அகலமாகக் 'குறிப்பு' என்று ஒரு பத்தி. அந்தப் பத்தி என் வற்புறுத்தலால் வந்தது. மொத்தம் 23 தலைப்புகள். ஒன்றுக்கு நேராக, "கடையில் விற்பனை நின்றது, நம்மிடம் உண்டு" என்று எழுதியிருக்கிறான். இரண்டுக்கு நேராக, "சந்தாவில் வந்தவை, சொந்தம் அல்ல." பிறந்த நாள் பணத்தில் வாங்கிய அந்த விளையாட்டும் சர்வர் இல்லாமல் ஓடாத இனம் என்று தேடிப் பார்த்து அவனே கண்டுபிடித்தான். அதற்கு நேராக என்ன எழுதுவது என்று வெகு நேரம் பேனாவைக் கடித்துக்கொண்டிருந்தான். பிறகு, "அவர்கள் நடத்தும் வரை" என்று எழுதினான்.

சென்ற ஞாயிறன்று நோட்டையும் கணினியையும் என் முன் வைத்து, சரிபார்க்கச் சொன்னான். ஒவ்வொன்றாக எண்ணினோம். 23-ம் இருந்தன. அடியில் தேதியிட்டுக் கையொப்பமிட்டேன்.